தாலிச் சரட்டுக்குக் கீழே ஒரு கோடு

வார்டில் கட்டிலைச் சன்னலோரம் போடாதே என்று நான் கத்தினால் நீங்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொள்வது எனக்குத் தெரியும். "கிழவிக்கு வெயில்னா பேய் மாதிரி" என்று யாரோ சொன்னதாகவும் காதில் விழுந்தது. சொல்லுங்கள், சொல்லுங்கள். ஓய்வுபெற்று வீட்டில் கிடந்தவளைக் கூப்பிட்டு, டீயும் பிஸ்கட்டும் வைத்து, அனுபவத்தைச் சொல்லுங்கள் என்று கேட்டது நீங்கள்தானே? அனுபவிக்க வேண்டியதுதான்.

லூபஸ் நோயாளிகளைப் பார்க்க வந்திருக்கும் உங்களுக்கு நான் மருந்தின் அளவு சொல்லப்போவதில்லை. அதெல்லாம் என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பதுகளில் ஒரு சித்திரை மாதத்து மத்தியானம், மயிலாப்பூரிலிருந்து தியாகராய நகருக்கு நான் ஜட்காவில், அதான் அந்தக் காலத்துக் குதிரை வண்டியில், பறந்ததைத்தான் சொல்லப்போகிறேன். அதை நினைத்தால் இன்றைக்கும் உட்கார முடியவில்லை. நின்றுகொண்டே சொல்கிறேன், பரவாயில்லை.

யுத்த சமயம். படிப்பை முடித்த கையோடு, மயிலைக் குளத்துக்குப் பக்கத்துத் தெருவில் பெண்களுக்கான ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் சேர்ந்திருந்தேன். மேற்கு மாம்பலத்தில் வீடு. எங்கள் பெரிய டாக்டரம்மா மயிலாப்பூரிலேயே பிறந்து வளர்ந்தவர். ஒன்பது கஜப் புடவையும் ஸ்டெதாஸ்கோப்புமாக அவர் நடந்து வந்தால் வராந்தாவில் ஈ எறும்பு அசையாது. நாங்கள் மேடம் என்றுதான் கூப்பிடுவோம். திட்டுவார், திட்டி முடித்ததும் தன் கூஜாவிலிருந்து காபி ஊற்றிக் கொடுப்பார்.

அன்று காலை இரண்டு பெண்கள் வந்தார்கள். ஒருத்தி இருபது வயதைத் தாண்டியவள், முந்தானையால் முகத்தை மூடியிருந்தாள். பெயர் கோமதி. இன்னொருத்தி அவள் மாமியார். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து தியாகராய நகரில் துணிக்கடை வைத்திருந்த குடும்பம். மாமியார் உட்காரக்கூட இல்லை.

"டாக்டரம்மா, வீட்டுக்குத் தெரியாம வந்திருக்கோம். இன்னைக்கு ரயிலுக்கு இவ பிள்ளைய எம் மூத்த மவன் ஊருக்குக் கொண்டு போறான். நாளைக்கு இவளக் கொண்டுபோய் பெருநோய் விடுதியில விட்டுருவாவ. மருந்துக்கடையில ஒரு கம்பவுண்டர் இவ மூஞ்சியப் பாத்துட்டு அதுதான்னு சொல்லிட்டாராம். நீங்க ஒரு வார்த்த சொல்லுங்க. மூணு மணிக்கெல்லாம் எழும்பூருக்குக் கெளம்பிருவாவ."

கோமதி முந்தானையை எடுத்தாள். மூக்குத்தண்டிலிருந்து இரண்டு கன்னங்களுக்கும் படர்ந்து, நாவற்பழக் கறை மாதிரி ஒரு நிறம். முடி கொட்டியிருந்தது. விரல் மூட்டுகள் வீங்கியிருந்தன. குழந்தை பிறந்ததிலிருந்தே காய்ச்சலும் வலியும் விட்டு விட்டு வருகிறதாம். அவள் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"பிள்ளைய எங்கிட்ட தர மாட்டேங்காவ. தவழுதானாம். நான் இன்னும் பாக்கல. எனக்கு என்ன இருந்தாலும் இருக்கட்டும் டாக்டரம்மா, அவன் ஊருக்குப் போவாம பண்ணுங்க."

கண்ணை மூடச் சொன்னேன். ஒரு பஞ்சுத் துணுக்கை எடுத்து அந்தக் கறையின் மேல் தொட்டேன். பெருநோயின், அதாவது தொழுநோயின், தேமல் என்றால் உணர்ச்சி மங்கியிருக்க வேண்டும் அல்லவா? "தொடுதீங்க" என்றாள். இன்னொரு இடத்தில் தொட்டேன். "இப்பவும் தொடுதீங்க." காதோரம், கன்னம், மூக்கு. ஒன்றுகூடத் தவறவில்லை. கடைசியில் கூச்சம் தாங்காமல் சிரித்தேவிட்டாள். நரம்புகளைத் தடவிப் பார்த்தேன், தடிப்பு இல்லை. காது மடலும் புருவமும் நன்றாகவே இருந்தன.

"இது பெருநோய் இல்லை!" என்று நான் போட்ட கூச்சலில் வெளியே இருந்த நர்ஸ் எட்டிப் பார்த்தாள்.

"அப்ப என்னதும்மா?" என்றார் மாமியார்.

அது எனக்கே தெரியாது. இதைக் கவனியுங்கள். இன்னது இல்லை என்று சொல்வது பாதி வேலைதான். பயந்துபோன வீட்டுக்கு அந்தப் பாதி எந்த மூலைக்கு? என்ன என்று சொல்லாதவரை அவர்கள் பழைய பெயரையேதான் பிடித்துக்கொண்டிருப்பார்கள்.

கழுத்தையும் பார்க்கலாம் என்று ரவிக்கைக்கு மேலே குனிந்தேன். அங்கேயும் அதே நிறம், ரவிக்கை விளிம்போடு கத்தரித்தாற்போல் நின்றிருந்தது. "தாலியைக் கொஞ்சம் நகர்த்தும்மா" என்றேன். அவள் மஞ்சள் சரட்டை ஒரு விரலால் ஒதுக்கினாள். ஐயோ, அந்த நிமிஷத்தை எப்படிச் சொல்ல! சரடு கிடந்த இடத்தில், அதே அகலத்துக்கு, அதே வளைவோடு, தெளிந்த தோல் ஒரு கோடாக இருந்தது. கறை அதற்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும்தான். கையைப் பிடித்து வளையலை மேலே தள்ளினேன். அங்கேயும் கோடு! தாடைக்குக் கீழே, காதுக்குப் பின்னால், எங்கெல்லாம் நிழலோ அங்கெல்லாம் ஒன்றுமே இல்லை!

ஓடினேன். பக்கத்து அறையில் மேடம் அப்போதுதான் காபியை வாயில் வைத்திருந்தார்.

"என்னடி, ஆத்துல தீப்பிடிச்சுடுத்தா?"

"மேடம், வாங்க! தாலிக்குக் கீழே ஒண்ணுமே இல்லை!"

"தாலிக்குக் கீழே என்னடி இருக்கணும்?" என்று திட்டிக்கொண்டேதான் வந்தார். குனிந்து பார்த்தார். சரட்டைத் தூக்கினார், விட்டார், மறுபடி தூக்கினார்.

"ஏம்மா, வெயில்ல நிக்கறியோ?"

மாமியாருக்குப் பெருமை தாங்கவில்லை. "ஒரு நாள் தவறல டாக்டரம்மா! தெனமும் காலையில நல்லெண்ணெய தேச்சு மொட்டமாடியில ஒக்கார வைக்கேன். ஞாயித்துக்கெழம சூரியனுக்கு நேர்ந்துக்கிட்டு, ஈரப் புடவையோட நின்னு பொங்கல் வைக்கா. தோல் வியாதிக்கு அந்தச் சாமிதான! போன வருசம் மூட்டு வலின்னு வந்தப்போ வெயில் காயணும்னு நீங்கதான சொன்னீங்க. வைத்தியருஞ் சொல்லியாச்சு, சாமிக்கும் நேர்ந்தாச்சு, இனி என்னன்னு இருந்தேன்."

மூட்டில் காசமாக இருக்குமோ என்று சந்தேகப்பட்டு வெயில் காயச் சொல்வது அன்று எல்லோரும் செய்ததுதான். ஆனால் சொன்னது மேடமே! இப்போது இடி விழப்போகிறது என்று சுவரோடு ஒட்டிக்கொண்டேன். அவர் தன் தலையிலேயே படார் என்று ஒன்று போட்டுக்கொண்டார்.

"என் புத்தியைச் செருப்பால அடிக்கணும்! நான்னா இந்தப் பொண்ணை மாடியில ஏத்தி வறுத்திருக்கேன்!"

அலமாரியிலிருந்து ஒரு தடிப் புத்தகத்தை எடுத்தார். அதில் ஒரு வெள்ளைக்காரியின் படம், மூக்கின் இருபுறமும் பட்டாம்பூச்சி விரித்தாற்போல் சிவப்பு. லூபஸ். மூட்டு வலி, காய்ச்சல், முடி கொட்டுவது, பிரசவத்துக்குப் பிறகு முற்றுவது, வெயில் பட்டால் சீறுவது, எல்லாம் வரிக்கு வரி இருந்தது. "இந்தச் சிவப்பைத் தேடினா நம்ம ஊர்ல ஒருத்திக்கும் கெடைக்காதுடி. நம்ம தோலுக்கு இது கறுத்துன்னா தெரியும்" என்றார் மேடம். இரண்டு பேரும் புத்தகத்தையும் கோமதியையும் மாறி மாறிப் பார்த்தோம். சந்தோஷத்தில் நான் மேடத்தின் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டேன், அவரும் திட்டவில்லை. கோமதி மட்டும் சுவரில் இருந்த கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கெளம்புங்கோ எல்லாரும்" என்றார் மேடம்.

தெருமுனை ஜட்காவில் நான்கு பேரும் அடைந்துகொண்டோம். கோமதியை உள்ளே தள்ளி, பின்பக்கத் திறப்பில் தன் கறுப்புக் குடையை விரித்து அடைத்துப் பிடித்துக்கொண்டார் மேடம்.

"இன்னாமா, மழையா கீது? கொடைய விரிச்சிக்கினு குந்திகீறீங்கோ?" என்றான் வண்டிக்காரன்.

"மழை இல்லேப்பா, வெயில்தான் ஆகலே. குதிரையை வெரட்டு!"

"ஓடிக்கினுதாம்மா கீது! இன்னா, றெக்கை கட்டி வுட சொல்றியா?"

தேனாம்பேட்டைத் தோட்டங்களைத் தாண்டி அந்தக் குதிரை ஓடிய ஓட்டத்தில் என் கொண்டை அவிழ்ந்துவிட்டது. பனகல் பார்க்கைச் சுற்றித் திரும்பி கடை வாசலில் நின்றபோது, அங்கே இன்னொரு ஜட்கா நின்றிருந்தது. டிரங்குப் பெட்டி ஏற்றியாகிவிட்டது. மூத்தவர் ஆறுமுகம் அண்ணாச்சி தோளில் குழந்தையோடு படியிறங்கிக்கொண்டிருந்தார். கோமதியின் புருஷன் சங்கரலிங்கம் கடைக்குள் துணி மடிப்பதுபோல் தலையைக் குனிந்துகொண்டு நின்றான். வந்த ஆத்திரத்துக்கு அவனை நாலு கேள்வி கேட்கலாமா என்றிருந்தது எனக்கு.

கோமதி வண்டியை விட்டு இறங்கியதைப் பார்த்ததும் அண்ணாச்சி தோளில் கிடந்த துண்டை எடுத்துக் குழந்தையின் முகத்தை மூடினார். அவள் மூச்சு படக் கூடாதாம். கோமதி அந்த இடத்திலேயே நின்றுவிட்டாள்.

மேடம் எல்லோரையும் கடைக்கு மேலே இருந்த வீட்டுக்கு ஏறச் சொன்னார். ஏறினார்கள். அந்தக் குரலுக்கு யாரும் ஏறுவார்கள்.

"இது பெருநோய் இல்லை. ஒட்டவும் ஒட்டாது" என்றார் மேடம்.

"ஒங்க வார்த்தைக்கு மரியாத உண்டு டாக்டரம்மா" என்றார் அண்ணாச்சி. "ஆனா எனக்குன்னு பிள்ள கெடையாது. எங்க வீட்டுல இருக்கது இவன் ஒருத்தன்தான். ராத்திரி எம் மேலதான் தூங்குதான். நாளைக்கு இவனுக்கு வந்துட்டா நீங்க வந்து நிப்பீங்களா?"

அதுவரை அவரைக் கொடுமைக்காரர் என்றுதான் நினைத்திருந்தேன். அவர் காது மடலைக் குழந்தை பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்ததை அப்போதுதான் பார்த்தேன். மனிதர் பயத்தில் செத்துக்கொண்டிருந்தார்.

மேடம் கோமதியைக் கூப்பிட்டு, சரட்டை ஒதுக்கிக் காட்டச் சொன்னார். வளையலைத் தள்ளச் சொன்னார். "பாருங்கோ. வெயில் பட்ட எடத்துல மட்டும் வந்திருக்கு. பெருநோய் சரடு போட்டிருக்கான்னு பார்த்தா வரும்? இவளை வெயில்ல வைக்கச் சொன்னது யார் தெரியுமோ? நான். தப்பு என்னோடது. அதைச் சொல்லத்தான் வேலையைப் போட்டுட்டு வந்திருக்கேன்."

கம்பவுண்டர் சொன்னது சரியா, டாக்டர் சொல்வது சரியா என்ற சண்டைக்குத் தயாராக நின்றவர் அண்ணாச்சி. தப்பு என்னோடது என்று ஒரு டாக்டர் சொன்னால் அதற்கு என்ன பதில் சொல்வது என்று அவருக்குத் தெரியவில்லை. நானும் அதுவரை எந்த டாக்டரும் அப்படிச் சொல்லிக் கேட்டதில்லை. பிள்ளைகளே, அதைச் சொன்னால் மரியாதை போய்விடும் என்று நினைக்கிறீர்களே, அன்று அந்த ஒரு வார்த்தைக்குப் பிறகுதான் அவர் நாற்காலியை இழுத்துப் போட்டு எங்களை உட்காரச் சொன்னார்.

"இன்னொண்ணும் சொல்லிடறேன்" என்றார் மேடம். "இது ஒட்டாது, ஆனா லேசுல போகவும் போகாது. வரும், அடங்கும், மறுபடி வரும். ஆடி பொறக்கற வரைக்கும் வெயில் படாம வைச்சுக்கோங்கோ. மொகம் தெளியலேன்னா நீங்க நெனைச்சபடி செய்யுங்கோ. தெளிஞ்சா கொழந்தை அவ மடிக்குப் போகணும். அதுவரைக்கும் கொழந்தை இந்த ஆத்தை விட்டு நகரப்படாது."

அண்ணாச்சி குழந்தையைத் தோள் மாற்றிப் போட்டுக்கொண்டார். "சரி. ஆனா அதுவரைக்கும் அவ தொடக் கூடாது."

"ஒட்டாதுன்னு இவ்வளவு சொல்லியும்..." என்று நான் வாயைத் திறந்தேன். மேடம் என் காலை மிதித்தார். "ஆகட்டும்" என்றார்.

அடுத்த சிக்கல் நேர்த்திக்கடன். சூரியனுக்கு நேர்ந்ததை நடுவில் எப்படி நிறுத்துவது? சாமி குத்தமாகிவிடும் என்றார் அண்ணாச்சி. மேடமே மூக்கைச் சொறிந்துகொண்டிருந்தார். மாமியார்தான் எழுந்தார்.

"வேண்டிக்கிட்டது நாந்தான? நான் நிக்கேன். ஈரப் புடவையோட நான் நின்னு பொங்குதேன். இவ உள்ள இருக்கட்டும். அந்தச் சாமி எனக்காக ஒத்துக்கிடாதா என்ன?"

கோமதி அப்போதுதான் முதன்முறையாக அழுதாள்.

திரும்பும்போது வண்டியில் நான் பொரிந்து தள்ளினேன். "குழந்தையை இன்னைக்கே குடுக்கச் சொல்லியிருக்கலாமே மேடம்!" அவர் குடையை மடித்து என் முழங்காலில் ஒரு தட்டு தட்டினார். "அந்த மனுஷன் பயத்தை ஒரே நாள்ல பிடுங்கினா மாத்திரம் வந்துடுமோ? ரயிலுக்குப் போகலே பாரு, இன்னிக்கு அது போறும்." எனக்கு அன்று அது பிடிக்கவில்லை. பிறகு எத்தனையோ வீடுகளில் அதையேதான் செய்தேன்.

தோலைச் சுரண்டியும் சோதித்துப் பார்த்தோம், கிருமி எதுவும் இல்லை. மாம்பலம் போகிற வழி என்பதால் நான் அடிக்கடி அந்த வீட்டில் நுழைந்துவிட்டுப் போவேன். முதல் முறை போனபோது பார்த்தால், கோமதியின் அறைச் சன்னல்கள் எல்லாவற்றிலும் கறுப்புத் துணி! குண்டு விழும் என்ற பயத்தில் அன்று ஊரே ராத்திரி வெளிச்சம் வெளியே தெரியாமல் கறுப்புத் துணி மாட்டியிருந்தது. வாய் திறக்காத அந்தச் சங்கரலிங்கம் அதைப் பட்டப்பகலுக்கும் சேர்த்து ஆணி அடித்து மாட்டியிருந்தான். "ஏம்ப்பா, பகல்லயும் குண்டு போடுவானா?" என்று தெருவே கிண்டல் செய்ததாம். அவன் அசரவில்லை. நாலு கேள்வி கேட்க நினைத்தவள் அவனுக்கு மனசுக்குள் ஒரு கும்பிடு போட்டேன்.

ஸ்டெராய்டு என்ற பெயரையே நாங்கள் கேள்விப்படாத காலம் அது. வலிக்கு ஆஸ்பிரின், பிறகு ஓய்வு, நிழல், அவ்வளவுதான். உடம்பு தன்னையே அந்நியன் என்று எண்ணித் தாக்கிக்கொள்ளும் நோய் இது என்றுகூட அன்று எங்களுக்குத் தெளிவாகத் தெரியாது. தெரிந்திருந்தால் அந்த வீட்டுக்கு விளக்குவது சுலபமாக இருந்திருக்கும், அவர்களும் தங்கள் வீட்டுப் பெண்ணை அப்படித்தான் நடத்திக்கொண்டிருந்தார்கள்.

ஒரு வாரம் திடீரென்று காய்ச்சல் ஏறியது. மூச்சை இழுத்தால் நெஞ்சில் குத்தல். ஓடிப்போய் மேடத்தைக் கூப்பிட்டேன். மேடம் வந்து பார்த்தார். கதவுக்கு வெளியே அண்ணாச்சி நின்றுகொண்டிருந்தார். "நாலு நாள் நன்னா இருந்தப்போ கொணமாயிடுத்துன்னு சொன்னியா?" என்று மேடம் என்னைக் கேட்டார். சொல்லவில்லை என்றேன். "நல்ல வேளை. அப்போ இப்போ முடிஞ்சுபோச்சுன்னும் மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்காதே. ரெண்டையும் வெளியில ஒருத்தர் நின்னு கேட்டுண்டிருக்கார்." முகத்தைச் சரிசெய்துகொண்டு வெளியே போய், இது வரும் என்று நாங்கள் முன்பே சொன்னதுதான், அடங்கும் என்றேன். என் அதிர்ஷ்டம், அடங்கியது.

கோமதிக்கு நோய் போகவில்லை என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், கடைசியில் சொன்னால் நீங்கள் முகம் வாடுவீர்கள். எத்தனையோ முறை திரும்ப வந்தது, படுக்கவும் வைத்தது. ஆனாலும் ஆண்கள் பிடிக்கிற பெரிய கறுப்புக் குடையோடு அவள் வருஷக்கணக்கில் எங்கள் ஆஸ்பத்திரிப் படியேறினாள். புதிதாக வந்த நோயாளிகளுக்கு, எந்தக் கடையில் முழுக்கை ரவிக்கை நன்றாகத் தைப்பார்கள், வெயில் சாயும் முன் வெளியே போக நேர்ந்தால் தெருவின் எந்தப் பக்கம் நடக்க வேண்டும் என்றெல்லாம் அவள்தான் சொல்லிக்கொடுப்பாள். அவ்வளவு என்னால் சொல்லியிருக்க முடியாது.

இப்போது ஆடிக்கு வருவோம். ஆடி பிறந்த முதல் ஞாயிற்றுக்கிழமை காலை, மேடமும் நானும் போனோம். சங்கரலிங்கம் சன்னல் துணியைக் கொஞ்சமாக ஒதுக்கினான். வெளிச்சம் எதிர்ச் சுவரில் விழுந்தது. கோமதி முகத்தைத் தூக்கினாள்.

கறை மங்கி, இருந்த இடம் தெரிந்தால் தெரியும், தெரியாவிட்டால் இல்லை என்கிற அளவுக்கு ஆகியிருந்தது. சரட்டை ஒதுக்கினாள். கோடே தெரியவில்லை, கழுத்து முழுக்க ஒரே நிறம்! நான் கைதட்டிவிட்டேன். மேடம்கூட முறைக்கவில்லை.

அண்ணாச்சி கிட்டே வந்து குனிந்து பார்த்தார். பிறகு தோளில் இருந்த குழந்தையிடம், "போ ராசா. ஒங்க அம்மைகிட்ட போ" என்றார். சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். கோமதி கையை நீட்டினாள். குழந்தை அவளை உற்றுப் பார்த்தது, உதட்டைப் பிதுக்கியது. அதற்கு அவள் மூக்குத்தி கண்ணில் பட்டது. அதைப் பிடிக்கத் தாவியது, அவ்வளவுதான், அவள் கைக்குப் போய்விட்டது!

அவளுக்குக் கால் தரையில் நிற்கவில்லை. மாமியார் மாடியில் ஈரப் புடவையோடு பொங்கலுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார். "அத்தே! அத்தே! பிள்ளையப் பாருங்க!" என்று கத்திக்கொண்டே கோமதி குழந்தையோடு படிகளில் ஏறி ஓடினாள். நாங்கள் சுதாரிப்பதற்குள் மொட்டை மாடியில், சுள்ளென்ற வெயிலில், முகத்தை மறைக்க ஒன்றும் இல்லாமல் போய் நின்றுவிட்டாள்!

"வெயிலு!" என்று எல்லோரும் ஒரே குரலில் அலறினோம். மேடம் அலறினார், நான் அலறினேன், வாயே திறக்காத சங்கரலிங்கம் அலறினான். ஆனால் எங்கள் எல்லோரையும் தள்ளிக்கொண்டு இரண்டிரண்டு படியாகத் தாவி ஏறியது ஆறுமுகம் அண்ணாச்சி. தோளில் கிடந்த துண்டை உருவி, கோமதியின் தலையிலும் குழந்தையின் தலையிலும் சேர்த்துப் போர்த்தினார்.

"ஏ பிள்ள, ஒனக்கு அறிவு இருக்கா? டாக்டரம்மா படிச்சுப் படிச்சுச் சொன்னாவல்லா!"

குழந்தை துண்டைப் பிடித்து இழுத்தது. அவர் மறுபடியும் போர்த்தினார். அது மறுபடியும் இழுத்தது. அவர் துண்டின் முனையைத் தன் கையாலேயே கோமதியின் கன்னத்தோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு, அவளை நிழலுக்கு நடத்தி வந்தார்.

டீ ஆறிப்போயிற்று, போகட்டும். இப்போது யாராவது எழுந்து போய் அந்த மூன்றாம் கட்டிலைச் சன்னலை விட்டு நகர்த்துங்கள்.